போர்ட்டோ நகரில் உணவும் ஒயினும் சேர்ந்த வழிகாட்டி நடை: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

போர்ச்சுகலின் வடபகுதியில், டோரு ஆறு அட்லாண்டிக் பெருங்கடலில் கலக்கும் இடத்துக்கு அருகே, செங்குத்தான கரைமீது எழுந்து நிற்கும் நகரம் போர்ட்டோ. இதன் பழைய நகர்ப்பகுதியை யுனெஸ்கோ 1996-இல் உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. வழிகாட்டியோடு சிறு குழுவாக நடந்து, இடையிடையே உள்ளூர் உணவை உண்டு, இறுதியில் போர்ட் ஒயினைச் சுவைத்துப் பார்க்கும் அரைநாள் நடை இந்நகருக்கு வருவோரிடையே மிகவும் விரும்பப்படுகிறது. இங்கு வரும் தமிழ் நண்பர்களுக்கும் உறவினர்களுக்கும் துணையாகப் பலமுறை இந்த நடையில் சென்றவன் என்ற முறையில், அவர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளையும் நான் சொல்லும் பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

நடை எங்கே தொடங்கி எங்கே முடியும்?

நிறுவனத்துக்கு நிறுவனம் வழி மாறும். ஆனாலும் நல்ல வழிகாட்டிகள் மேட்டில் தொடங்கி ஆற்றங்கரையில் முடிப்பார்கள். பொல்யாவ் சந்தையில் காலை உணவோடு தொடங்கி, சாவ் பெந்து ரயில் நிலையம், பேராலயம் ஆகியவற்றைக் கடந்து, குறுகிய படிக்கட்டுச் சந்துகள் வழியாக ரிபெய்ரா என்னும் ஆற்றங்கரைப் பகுதிக்கு இறங்கி, தோம் லூயிஸ் பாலத்தின் கீழ்த்தளத்தில் ஆற்றைக் கடந்து, மறுகரையிலுள்ள விலா நோவா த காயாவின் ஒயின் கிடங்கு ஒன்றில் முடிப்பதே எனக்குப் பிடித்த வழி. தொலைவு ஏறத்தாழ 3 கிலோமீட்டர்தான். நிற்பதும் உண்பதும் கதை கேட்பதுமாக மூன்றரை மணி நேரம் போய்விடும். ஆற்றங்கரையில் தொடங்கி மேட்டை நோக்கி ஏறும் நடையாக இருந்தால், வயிறு நிறைந்த பிறகு படியேற வேண்டியிருக்கும் என்பதை நினைவில் கொண்டு முடிவு செய்யுங்கள்.

வழியில் பார்ப்பவற்றுக்கும் உண்பவற்றுக்கும் தொடர்பு உண்டா, அல்லது இரண்டையும் ஒரே கட்டணத்தில் சேர்த்து விற்கிறார்களா?

தொடர்பு உண்டு. அந்தத் தொடர்பை எடுத்துச் சொல்லத் தெரிந்த வழிகாட்டி கிடைத்தால்தான் இந்த நடைக்குக் கொடுக்கும் பணம் தகும். ஓர் எடுத்துக்காட்டைச் சொல்கிறேன். 1916-இல் திறக்கப்பட்ட சாவ் பெந்து ரயில் நிலையத்தின் முன்மண்டபச் சுவர்களில், ஜோர்ஜ் கொலாசு தீட்டிய ஏறத்தாழ 20,000 நீல ஓடுகள் பதிக்கப்பட்டுள்ளன. அவற்றில் ஒரு பெரிய காட்சி, 1415-இல் வட ஆப்பிரிக்காவிலுள்ள செயுத்தா நகரைப் போர்ச்சுகீசியர் கைப்பற்றியதைக் காட்டுகிறது. அந்தப் படையெடுப்பில் முன்னின்ற இளவரசர் என்ரிக்கே இதே போர்ட்டோவில் 1394-இல் பிறந்தவர். கப்பல்களுக்கு வேண்டிய இறைச்சி முழுவதையும் உப்பிட்டு அனுப்பிவிட்ட நகர மக்களுக்குக் குடலும் இரைப்பையும் மட்டுமே மிஞ்சின என்றும், அவற்றை வைத்துச் சமைக்கப் பழகியதால்தான் இந்நகரத்தாருக்குத் 'திரிப்பெய்ரு', அதாவது குடல் தின்பவர், என்ற பட்டப்பெயர் வந்தது என்றும் ஒரு கதை வழங்குகிறது. அது கர்ண பரம்பரைக் கதைதான்; ஆயினும் இவ்வூர்க்காரர்கள் அந்தப் பெயரைப் பெருமையோடு சொல்லிக்கொள்கிறார்கள். நிலையத்தில் அந்த ஓவியத்தைப் பார்த்துவிட்டு, பத்து நிமிடம் நடந்து ஓர் எளிய உணவகத்தில் அமர்ந்து, வெள்ளை மொச்சை போன்ற பீன்ஸும் தொத்திறைச்சியும் சீரகமும் சேர்ந்த 'திரிப்பாஷ்' குழம்பை வாயில் வைக்கும்போது, 600 ஆண்டுக் கதை ஒன்று தட்டில் வந்து நிற்கிறது. போட்டிக் குழம்பு சாப்பிட்டு வளர்ந்த நம்மவர்களுக்கு இதில் முகம் சுளிக்க எதுவும் இல்லை. சீரக மணம் வேறு வீட்டை நினைவுபடுத்தும்.

வேறு என்னென்ன உணவுகள் தருவார்கள்?

பெரும்பாலும் ஐந்தாறு இடங்களில் சிறுசிறு அளவாகத் தருவார்கள். காலே கீரையை நூல்போல் நறுக்கி, மசித்த உருளைக்கிழங்கில் கலந்து செய்யும் 'கால்து வெர்தே' சூப், மெல்லிய பன்றியிறைச்சித் துண்டுகளைச் சாற்றோடு ரொட்டியில் வைத்துத் தரும் 'பிஃபானா', உருளைக்கிழங்கும் மீனும் சேர்த்துப் பொரித்த 'பொலிஞு' உருண்டை, மத்தி மீன், பாலாடைக்கட்டி, சோள மாவு ரொட்டி ஆகியவை அடிக்கடி இடம்பெறும்.

பொலிஞு உருண்டையில் சேரும் மீன் 'பக்கல்யாவ்', அதாவது உப்பிட்டு உலர்த்திய கோட் மீன். வடகடல்களிலிருந்து வரும் இதை நம் கருவாட்டின் தூரத்து உறவினர் என்று சொல்லலாம். ஆனால் சமைப்பதற்கு முன் ஒன்றிரண்டு நாள் நீரில் ஊறவைத்து, நீரை மாற்றி மாற்றி உப்பை எடுத்துவிடுவதால், கருவாட்டின் காரமான மணம் இதில் இருக்காது. சதை மட்டும் இதழ் இதழாகப் பிரியும்.

நகரின் பெயர்பெற்ற 'ஃபிரான்செசிஞா'வையும் பலர் கேட்கிறார்கள். ரொட்டிக்கு நடுவே மாட்டிறைச்சி, ஹாம், தொத்திறைச்சி ஆகியவற்றை அடுக்கி, மேலே பாலாடைக்கட்டியை உருக்கி, தக்காளியும் பீரும் சேர்ந்த காரச் சாற்றை ஊற்றித் தருவது அது. ஒரு முழுத் தட்டு இரண்டு வேளைக்குப் போதும். நடையில் கால் துண்டு தந்தால் சுவைத்துப் பாருங்கள். முழுத் தட்டை இன்னொரு நாளுக்கு வைத்துக்கொள்ளுங்கள். 'பஸ்தேல் த நாத்தா' என்னும் முட்டைப்பாகு இனிப்பு எல்லா இடத்திலும் கிடைக்கும், நன்றாகவும் இருக்கும். ஆனால் அது லிஸ்பன் பக்கத்துப் பண்டம். அதைப் போர்ட்டோவின் சொந்தப் பண்டமாகச் சொல்லும் வழிகாட்டியின் மற்றக் கதைகளையும் சற்று ஐயத்தோடு கேட்பது நல்லது.

நான் சைவம். இந்த நடையில் எனக்கு ஏதாவது உண்டா?

உள்ளதைச் சொல்ல வேண்டுமென்றால், இந்த நகரத்தின் மரபுச் சமையல் சைவர்களுக்கு இசைவானதன்று. முன்பதிவின்போதே எழுதித் தெரிவித்தால் பாலாடைக்கட்டி, ஆலிவ், ரொட்டி, காய்கறிப் பண்டங்கள் என மாற்று ஏற்பாடு செய்வார்கள். அன்று காலை வந்து சொன்னால் ரொட்டியும் ஆலிவும்தான் மிஞ்சும். 'இறைச்சி வேண்டாம்' என்று மட்டும் சொன்னால் மீன் வந்து சேரும். ஆகவே இறைச்சி, மீன், இறைச்சிச் சாறு, பன்றிக் கொழுப்பு என ஒவ்வொன்றையும் பெயர் சொல்லி விலக்குங்கள். பார்வைக்குச் சைவமாகத் தோன்றும் கால்து வெர்தேயில் 'ஷோரிசு' தொத்திறைச்சி வில்லை ஒன்று மிதப்பது வழக்கம். அதை எடுத்துவிட்டாலும் அதன் கொழுப்பு சூப்பில் இறங்கியிருக்கும். மடங்களில் பிறந்த பழைய இனிப்புகளில் முட்டை மஞ்சள்கரு தாராளமாகச் சேரும். 'தொசிஞு து செயூ' என்ற பாதாம் இனிப்பின் பெயருக்கே 'சொர்க்கத்துப் பன்றிக் கொழுப்பு' என்று பொருள், சில செய்முறைகளில் அந்தக் கொழுப்பு உண்மையிலேயே சேர்கிறது. முட்டையும் உண்ணாதவர்கள் இந்த உணவு நடைக்குப் பணம் கட்டாமல், நகரைத் தனியாகச் சுற்றிப் பார்த்துவிட்டு ஒயின் கிடங்குக்கு மட்டும் செல்வதே சிறந்தது என்பது என் கருத்து.

பன்றியிறைச்சி அல்லது மாட்டிறைச்சி உண்ணாதவர்கள் என்ன செய்வது?

மீன் பண்டங்கள் நிறைய இருப்பதால் சிக்கல் குறைவு. ஆனால் 'அல்யெய்ரா' என்ற தொத்திறைச்சியிடம் கவனம் தேவை. சமயக் கண்காணிப்புக்கு அஞ்சிய யூதர்கள், பன்றியிறைச்சி உண்பதாகக் காட்டிக்கொள்வதற்காக ரொட்டியையும் கோழியையும் அடைத்துச் செய்தது இது என்று சொல்லப்படுகிறது. அந்தக் கதையை நம்பி உண்டுவிடக் கூடாது, ஏனெனில் இன்று விற்கும் பலவற்றில் பன்றியிறைச்சியும் சேர்கிறது. ஹலால் உணவு மட்டுமே உண்பவர்களுக்கு இவ்வகை நடையைப் பரிந்துரைக்க மாட்டேன்.

போர்ட் ஒயினுக்கும் மற்ற ஒயினுக்கும் என்ன வேறுபாடு?

திராட்சைச் சாறு நொதிக்கும்போது அதிலுள்ள சர்க்கரை ஆல்கஹாலாக மாறுகிறது. சாதாரண ஒயினில் சர்க்கரை ஏறத்தாழ முழுவதும் தீரும்வரை நொதிக்க விடுவார்கள். போர்ட் ஒயினிலோ, இரண்டு மூன்று நாளில், பாதிச் சர்க்கரை எஞ்சியிருக்கும்போதே, திராட்சையிலிருந்து வடித்த 77 விழுக்காட்டு மதுசாரத்தை, நான்கு பங்குச் சாற்றுக்கு ஒரு பங்கு என்ற அளவில் சேர்த்துவிடுவார்கள். நொதிக்கச் செய்யும் ஈஸ்ட் அதில் மடிந்துவிடும். சர்க்கரை அப்படியே தங்கிவிடும். அதனால்தான் போர்ட் ஒயின் இனிப்பாகவும், அதே நேரத்தில் 19 முதல் 22 விழுக்காடு வரை ஆல்கஹால் கொண்டதாகவும் இருக்கிறது.

இந்த ஒயின் போர்ட்டோவின் பெயரைத் தாங்கினாலும் போர்ட்டோவில் விளைவதில்லை. ஆற்றின் மேற்பகுதியில், நகரிலிருந்து ஏறத்தாழ 100 கிலோமீட்டர் கிழக்கே, மலைச்சரிவுகளில் படிப்படியாக வெட்டிய தோட்டங்களில் திராட்சை விளைகிறது. 1703-இல் இங்கிலாந்தோடு செய்துகொண்ட மெத்துவன் உடன்படிக்கை, பிரெஞ்சு ஒயினைவிடப் போர்ச்சுகீசிய ஒயினுக்குக் குறைந்த வரி விதித்ததால் வணிகம் பெருகியது. பெருகியதும் கலப்படமும் பெருகியது. அதைத் தடுக்க 1756-இல், பின்னாளில் பொம்பால் பிரபு எனப்பட்ட அமைச்சர், எந்த நிலத்துத் திராட்சை போர்ட் ஒயினுக்கு உரியது என்று எல்லை வகுத்தார்; எல்லையைக் காட்டும் கிரானைட் கற்கள் பின்னர் நடப்பட்டன. 1757-இலேயே, ஒயின் வணிகத்துக்காக அவர் நிறுவிய புதிய நிறுவனத்துக்குக் கிடைத்த தனியுரிமையை எதிர்த்துப் போர்ட்டோவில் மதுக்கடைக்காரர்களும் மக்களும் கலகம் செய்தார்கள். கலகம் கடுமையாக ஒடுக்கப்பட்டது, பலர் தூக்கிலிடப்பட்டார்கள்.

கிடங்குகள் ஏன் போர்ட்டோவில் இல்லாமல் மறுகரையில் இருக்கின்றன?

முதன்மையான காரணம் தட்பவெப்பம். திராட்சை விளையும் பள்ளத்தாக்கில் கோடை வெயில் கொளுத்தும். காயாவின் சரிவு வடக்கு நோக்கியது, கடற்காற்று படுவது, ஈரப்பதம் உள்ளது. மரப்பீப்பாயில் ஒயின் மெதுவாக முதிர்வதற்கு ஏற்றது. அடுத்து, சட்டமும் இதை வலியுறுத்தியது: 1926 முதல் 1986 வரை, ஏற்றுமதிக்கான போர்ட் ஒயின் காயாவின் வழியாகவே சென்றாக வேண்டியிருந்தது. 'ரபேலு' என்ற தட்டையான அடிப்பகுதி கொண்ட படகுகளில் பீப்பாய்களை ஏற்றி, பாறையும் சுழலும் நிறைந்த ஆற்றில் கொண்டுவந்தார்கள். பிற்காலத்தில் ரயிலும் லாரியும் அந்த வேலையை எடுத்துக்கொண்டன. ஆற்றில் அணைகளும் எழுந்தன. இன்று கரையோரம் நிற்கும் ரபேலுகள் பெரும்பாலும் விளம்பரத்துக்கானவை.

இங்கே தமிழர்களுக்கென்று ஒரு செய்தி. கிடங்கின் அரையிருளில் வழிகாட்டி 550 லிட்டர் கொள்ளும் மரக்கலனைத் தட்டிக் காட்டி, 'பீப்பா' என்று சொல்வார். நம் 'பீப்பாய்' என்ற சொல் அதிலிருந்து வந்ததுதான். அலமாரி, சாவி, ஜன்னல், மேசை ஆகியவையும் அதே மொழி தந்தவை. ஆகவே கிடங்கைச் சுற்றி வரும்போது, போர்ச்சுகீசியம் கற்காமலேயே பாதிப் பொருள்களுக்குப் பெயர் தெரிந்தவராக இருப்பீர்கள். என்னோடு வந்த ஒரு பெரியம்மா, வழிகாட்டி சொல்வதற்கு முன்பே ஜன்னலையும் சாவியையும் சுட்டிக் காட்டிப் பெயர் சொல்லி அவரைத் திகைக்க வைத்தார்.

எத்தனை கோப்பை தருவார்கள்? போதை ஏறுமா?

கிடங்கில் வழக்கமாக மூன்று வகை போர்ட்டும், வழியில் உணவோடு ஒன்றிரண்டு கோப்பை சாதாரண ஒயினும் தருவார்கள். ஒவ்வொன்றும் சுமார் 50 மில்லிலிட்டர் என்று வைத்துக்கொண்டால், மூன்று போர்ட் கோப்பைகளில் உள்ள ஆல்கஹால், சிறிய பீர் புட்டிகள் இரண்டில் உள்ள அளவுக்கு நெருங்கி வரும். இனிப்பு அந்த வீரியத்தை மறைத்துவிடும் என்பதால் பழக்கமில்லாதவர்கள் பழரசம்போல் பருகிவிட்டு, வெளியே வெயிலுக்கு வந்ததும் தலை சுற்றுகிறது என்பார்கள். உணவு முதலில், போர்ட் இறுதியில் என்று நடை அமைந்திருப்பதற்கு இதுவே காரணம். வேண்டாததைத் துப்புவதற்கும் ஊற்றிவிடுவதற்கும் பாத்திரம் இருக்கும். பயன்படுத்தினால் யாரும் தவறாக எண்ண மாட்டார்கள். வாடகைக் காரில் வந்தவர்கள் அன்று அதை விடுதியிலேயே விட்டுவிட வேண்டும்: போர்ச்சுகலில் ஓட்டுநரின் இரத்தத்தில் லிட்டருக்கு 0.5 கிராம் ஆல்கஹால் என்பதே பொதுவான வரம்பு, புதிதாக உரிமம் பெற்றவர்களுக்கு 0.2 கிராம்தான்.

ஒயினைச் சுவைக்கும் முறை எனக்குத் தெரியாதே?

தெரிய வேண்டியது கொஞ்சம்தான். நிறத்தைப் பாருங்கள், முகர்ந்து பாருங்கள், சிறு மிடறு எடுத்து வாயில் சற்று வைத்திருங்கள். போர்ட்டில் நிறமே பாதிச் செய்தியைச் சொல்லிவிடும். பெரிய கலனில் காற்று அதிகம் படாமல் வைத்த 'ரூபி' அடர்சிவப்பாக இருக்கும். நாவற்பழம், செர்ரிப்பழம் போன்ற சுவை தெரியும். பீப்பாயில் ஆண்டுக்கணக்கில் மெதுவாகக் காற்றுப்பட்டு முதிர்ந்த 'டானி' பழுப்பேறி, வறுத்த முந்திரி, உலர்ந்த அத்தி, வெல்லப்பாகு ஆகியவற்றை நினைவூட்டும். புட்டியில் 10, 20, 30, 40 என்ற எண் இருந்தால் அது டானியின் வயதுப் பிரிவு. பல ஆண்டுகளின் ஒயினைக் கலந்து அந்த வயதுக்குரிய சுவையை உருவாக்குகிறார்கள். ஒரே ஆண்டின் திராட்சையிலிருந்து, சிறந்த ஆண்டுகளில் மட்டும் செய்து, இரண்டு மூன்று ஆண்டுகளில் புட்டியில் அடைத்துப் பல காலம் முதிரவிடுவது 'விண்டேஜ்'. வழிகாட்டி 'எனக்கு ரோஜா மணம் வருகிறது' என்று சொன்னால் உங்களுக்கும் வரவேண்டும் என்ற கட்டாயம் இல்லை. புளியம்பழ மணம் வந்தால் அதையே சொல்லுங்கள். அதுவும் சரியான பதில்தான்.

உணவோடு வரும் 'விஞு வெர்தே'யின் பெயருக்குப் 'பச்சை ஒயின்' என்று பொருள். நிறத்தை வைத்து வந்த பெயரன்று, இளமையில் பருகுவது என்பதால் வந்தது என்பார்கள். லேசான புளிப்பும் மெல்லிய நுரைப்பும் கொண்ட அது, பொரித்த மீனுக்கு எலுமிச்சை பிழிந்ததுபோல் பொருந்தும்.

நான் மது அருந்துவதில்லை. வந்தால் பொழுது வீணாகுமா?

ஆகாது. உணவும் நகரமும் கிடங்கும் அப்படியே இருக்கின்றன. பழரசமோ தண்ணீரோ தருவார்கள். கட்டணத்தில் குறைப்பு உண்டா என்று முன்பே கேளுங்கள், சில இடங்களில் உண்டு.

குழந்தைகளையும் முதியோரையும் அழைத்து வரலாமா?

குழந்தைகள் வரலாம், 18 வயது நிறையாதவர்களுக்கு மது தருவது சட்டப்படி குற்றம் என்பதால் அவர்களுக்குப் பழரசம்தான். முதியோரைப் பொறுத்தவரை, தொலைவைவிடச் சரிவும் தரையும்தான் சிக்கல். சிறு கற்களைப் பதித்த தெருக்கள் பளபளவென்று தேய்ந்திருப்பதால் மழையில் வழுக்கும். செருப்பையும் மென்மையான அடிப்பகுதி கொண்ட காலணியையும் விடுதியில் வைத்துவிட்டு, பிடிப்புள்ள காலணியை அணிந்து வாருங்கள். முழங்கால் வலியுள்ளவர்களுக்குப் படியிறங்குவது ஏறுவதைவிடத் துன்பம். பேராலயத்துப் பக்கமிருந்து ஆற்றங்கரைக்கு 'கிந்தாய்ஷ்' இழுவை ரயிலில் இறங்கலாம் என்பதை வழிகாட்டியிடம் நினைவூட்டுங்கள். சக்கர நாற்காலியில் வருவோர் படிக்கட்டு வழியைத் தவிர்க்கும் தனி நடையை ஏற்பாடு செய்துகொள்வது நல்லது.

தோம் லூயிஸ் பாலத்தைக் கட்டியவர் ஈஃபில்தானே?

அல்லர். 1886-இல் திறக்கப்பட்ட இந்த இரும்புப் பாலத்தை வடிவமைத்தவர், ஈஃபிலின் முன்னாள் கூட்டாளியான தியோஃபில் செய்ரிக். ஈஃபில் நிறுவனத்தின் பாலம் சற்றுக் கிழக்கே உள்ள மரியா பியா ரயில் பாலம். கீழ்த்தளத்துக்கு அருகே, ரிபெய்ராவின் சுவரில் வெண்கலப் புடைப்புச் சிற்பம் ஒன்று இருக்கும். 1809-இல் நெப்போலியனின் படைக்கு அஞ்சி ஓடிய மக்கள், படகுகளைக் கோத்து அமைத்த பாலத்திலிருந்து ஆற்றில் வீழ்ந்து பெருந்தொகையாக மாண்டதன் நினைவு அது. இன்றும் அதன் முன் மெழுகுவத்தி ஏற்றுகிறார்கள். பல குழுக்கள் அதைக் கவனிக்காமலே கடந்துவிடுகின்றன. நீங்கள் ஒரு நிமிடம் நில்லுங்கள்.

எந்த மாதத்தில், எந்த நாளில் வருவது நல்லது?

மே, ஜூன், செப்டம்பர் மாதங்கள் இதமானவை. நவம்பர் முதல் பிப்ரவரி வரை மழை அதிகம். ஞாயிற்றுக்கிழமை பொல்யாவ் சந்தைக்கு விடுமுறை. 1914-ஆம் ஆண்டுக் கட்டடமான அது, நீண்ட புதுப்பிப்புக்குப் பிறகு 2022-இல் மீண்டும் திறக்கப்பட்டது, தவறவிடக் கூடாதது. ஜூன் 23 இரவு சாவ் ஜுவாவ் திருவிழா: தெருவெங்கும் மத்தி மீன் சுடும் புகை எழும், முன்பின் அறியாதவர்கள் பிளாஸ்டிக் சுத்தியலால் உங்கள் தலையில் செல்லமாகத் தட்டுவார்கள். அன்று வழிகாட்டி நடை சரிப்படாது. கூட்டத்தோடு கூட்டமாகச் சேர்ந்துவிடுவதே வழி.

கட்டணத்தில் எதையெல்லாம் கவனிக்க வேண்டும்?

கிடங்கின் நுழைவுக் கட்டணமும் ஒயினும் சேர்ந்ததா என்பதை முதலில் கேளுங்கள். 'இலவச நடை' என்று விளம்பரப்படுத்துபவற்றில் உணவு சேராது. வழிகாட்டிக்கு ஊதியமே நீங்கள் இறுதியில் தரும் அன்பளிப்புதான், ஆகவே வெறுங்கையோடு விடைபெறுவது முறையன்று. நடை முடிந்தபின் நீங்களாக உணவகத்துக்குச் சென்றால், கேட்காமலே மேசையில் வைக்கும் ரொட்டி, ஆலிவ், வெண்ணெய் ஆகியவற்றுக்கும் விலை உண்டு. வேண்டாமென்றால் தொடாமல் திருப்பி அனுப்பிவிடுங்கள். தொடாததற்குப் பணம் கேட்கக் கூடாது.

புட்டி வாங்கி ஊருக்குக் கொண்டு வரலாமா?

கொண்டு வரலாம். இந்தியாவுக்குள் ஒருவர் 2 லிட்டர் வரை மதுவகையைத் தீர்வையின்றிக் கொண்டு வர முடியும். கைப்பையில் வைக்க முடியாது. துணிகளுக்கு நடுவே சுற்றிப் பெட்டியில் வையுங்கள். எதை வாங்குவது என்று கேட்டால், வீட்டில் ஒயின் பருகுவோர் குறைவாக இருப்பின் 10 ஆண்டு டானியை வாங்குங்கள் என்பேன். விண்டேஜைத் திறந்தால் இரண்டு மூன்று நாளில் முடித்தாக வேண்டும். டானியோ ஏற்கெனவே காற்றோடு பழகியது என்பதால், குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் திறந்த பிறகும் ஒரு மாதம்வரை தாங்கும்.